வானைப் பார்த்த குறிகள், பார்க்காத குறிகள்

நாவலூரில் பழைய மகாபலிபுரம் சாலையை ஒட்டிய மளிகைக் கடைகளில் கல்லாவுக்கு மேலே ஒரு தினசரி காலண்டர் தொங்கும். பெரும்பாலும் சிவகாசியில் அச்சானது. தேதி பெரிய எழுத்தில் இருக்கும். அதன் கீழே பொடி எழுத்தில் திதி, நட்சத்திரம், யோகம், நல்ல நேரம், கௌரி நல்ல நேரம், ராகு, குளிகை, எமகண்டம், சூலம், சந்திராஷ்டமம் என்று ஒரு பட்டியல் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கும். சிறுசேரி சிப்காட்டில் கணினி வேலை பார்ப்பவர்களும் புது வீட்டின் சாவியை வாங்க, பால் காய்ச்ச, வண்டியை முதன்முதலாக எடுக்க அந்தத் தாளைத்தான் பார்க்கிறார்கள். “ஒன்பது மணிக்கு ராகு காலம் விட்டுடும், அப்புறம் கிளம்பலாம்” என்று வீட்டுப் பெரியவர் சொன்னால், திங்கட்கிழமை காலையில் முன்பதிவு செய்த காரும் வாசலில் காத்திருக்கும்.

மாய உலகக் கதைகளில் காலத்தை ஆளும் குறிகள் வழக்கமாக வருவதுண்டு. தரையில் ஒரு வடிவத்தை வரைந்தால் நேரம் நிற்கும், ஒரு சொல்லை உச்சரித்தால் நாள் பின்னோக்கிப் போகும். அந்த உலகங்களுக்கும் விதிகள் உண்டு. கற்றவருக்கே குறி வசப்படும். அதை ஏட்டில் பார்க்காமல் நெஞ்சில் ஏற்றியிருக்க வேண்டும். ஓரெழுத்து பிசகினாலும் எல்லாம் கெடும். தமிழ்நாட்டில் இந்த மூன்று விதிகளும் கதைக்கு வெளியே பல நூற்றாண்டுகள் நடப்பில் இருந்தன. தரையில் வைத்த சோழிகளும், எண்ணை ஒளித்துவைத்த சொற்களும், எட்டாகப் பிரித்த பகலும் இங்கே காலத்தின் மேல் ஆட்சி செய்தன. இன்றும் செய்கின்றன. ஆனால் அவை எல்லாம் ஒரே தன்மையுடையவை அல்ல. சில குறிகள் வானத்தோடு ஒப்பிட்டுச் சோதிக்கப்பட்டவை. சில, யாரும் சோதிக்கவே வழியில்லாதவை. இரண்டும் ஒரே தாளில், ஒரே அளவு எழுத்தில் அச்சாவதால் வேறுபாடு கண்ணில் படுவதில்லை.

குறி என்றால் பலருக்கும் முதலில் நினைவுக்கு வருவது கோயில் சக்கரம்தான். நாவலூரிலிருந்து அதே சாலையில் தெற்கே போனால் திருப்போரூர் கந்தசாமி கோயில் வரும். அங்கே ஆமை வடிவப் பீடத்தின் மேல் அமைந்த முருகன் சக்கரம் ஒன்று வழிபாட்டில் இருக்கிறது. 17ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த சிதம்பர சுவாமிகள் நிறுவியது என்பது கோயில் மரபு. அது தெய்வத்தை ஓரிடத்தில் இருத்தும் குறி. காலத்தைப் பிடிக்கும் குறிகளுக்கு இப்படிக் கோயிலும் இல்லை, கோபுரமும் இல்லை. அவை பஞ்சாங்கம் கணிப்பவர்களின் நினைவிலும் திண்ணையிலும் வாழ்ந்தன.

அவற்றில் ஒன்றை அருகில் வைத்துப் பார்க்கலாம். ‘தேவரம்’ என்று ஒரு சொல். தேவாரத்தோடு இதற்கு உறவில்லை. சந்திரனின் இருப்பிடத்தைக் கணக்கிடும்போது பஞ்சாங்கக்காரர்கள் இதை ஒரு வகுஎண்ணாக எடுத்துக்கொள்வார்கள். மெய்யெழுத்து ஒவ்வொன்றுக்கும் ஓர் இலக்கம் தரும் கடபயாதி முறைப்படி த வரிசையில் மூன்றாவதான ‘த’வுக்கு 8, ‘வ’வுக்கு 4, ‘ர’வுக்கு 2. கடைசியில் நிற்கும் ‘ம்’ கணக்கில் சேராது. வலமிருந்து படித்தால் 248. இதே முறைதான் கர்நாடக இசையின் மேளகர்த்தா ராகங்களின் பெயரிலும் ஒளிந்திருக்கிறது. மேசகல்யாணியின் ‘ம’வுக்கு 5, ‘ச’வுக்கு 6; திருப்பிப் படித்தால் 65, அதுதான் அந்த ராகத்தின் மேள எண். டிசம்பர் சீசனில் சபாவில் உட்கார்ந்து ராகத்தின் எண்ணைச் சொல்லிவிடும் ரசிகர்கள், தங்களை அறியாமலே பழைய வானியல் குறிமுறையைக் கையாளுகிறார்கள்.

248 ஏன்? சந்திரன் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. பூமிக்கு அருகில் வரும்போது வேகம் கூடும், விலகும்போது குறையும். அருகிலிருந்து விலகி மறுபடி அருகில் வந்து சேர ஏறத்தாழ 27.55 நாள் ஆகும். அப்படி ஒன்பது சுற்று முடிந்தால் மிக நெருக்கமாக 248 நாள். அதாவது 248 நாளுக்கு ஒரு முறை சந்திரனின் வேக ஏற்ற இறக்கம் முதலிலிருந்து அப்படியே திரும்பத் தொடங்கும். எனவே நாளுக்கு ஒன்றாக 248 சிறு வாக்கியங்கள் இயற்றப்பட்டன. ஒவ்வொன்றின் எழுத்துகளிலும் அந்த நாளுக்குரிய சந்திரனின் பாகையும் கலையும் அடங்கியிருக்கும். வரருசி இயற்றியவை என்று மரபு சொல்லும் இந்த வாக்கியங்களிலிருந்துதான் ‘வாக்கியப் பஞ்சாங்கம்’ என்ற பெயரே வந்தது. 248இல் மிச்சமிருக்கும் சின்னப் பிசகு காலப்போக்கில் பெருகிவிடாமல் இருக்க, அதற்கு மேலே இன்னும் இரண்டு வட்டங்கள் உண்டு. ‘கலாநிலம்’ என்றால் 3,031 நாள், 110 சுற்று. ‘ரசகைரிகம்’ என்றால் 12,372 நாள், 449 சுற்று. பெரிய வட்டத்தால் வகுத்து, மீதியை நடு வட்டத்தால் வகுத்து, அந்த மீதியைத் தேவரத்தால் வகுத்தால், கடைசியில் மிஞ்சும் எண்தான் அன்றைக்குச் சொல்ல வேண்டிய வாக்கியத்தின் எண்.

வகுக்கப்படும் எண் எங்கிருந்து வருகிறது? கலியுகத் தொடக்கமாகக் கொள்ளப்பட்ட கி.மு. 3102 பிப்ரவரி 18 முதல் கழிந்த நாள்களின் எண்ணிக்கையிலிருந்து அது பெறப்படுகிறது. மாதம், வருடம் என்ற பிரிவுகளை ஓரமாக வைத்துவிட்டு ஒரே கோட்டில் நாள்களை எண்ணிக்கொண்டே போவது. பழைய மகாபலிபுரம் சாலையின் மென்பொருள் அலுவலகங்களிலும் காலம் இப்படித்தான் ஓடுகிறது. யூனிக்ஸ் வழிக் கணினிகள் 1970 ஜனவரி 1 முதல் கழிந்த விநாடிகளை எண்ணுகின்றன. 32 பிட் அளவில் அந்த எண்ணிக்கையை வைத்திருக்கும் பழைய நிரல்கள் 2038 ஜனவரி 19 அன்று, இந்திய நேரப்படி காலை 8 மணி 44 நிமிடம் 7 விநாடிக்கு மேல் எண்ண இடமில்லாமல் தடுமாறும். கணினியின் அந்தத் தொடக்க நாளன்று கலிக் கணக்கில் 18,52,122 நாள் கழிந்திருந்தது. காலத்தை ஆள முதலில் அதை ஒற்றை எண்ணாக்க வேண்டும் என்று இரண்டு மரபுகளும் கண்டுகொண்டன. அதைக் காகிதமும் மின்சாரமும் இல்லாமல் செய்தவர்களுக்குக் கூடுதல் மரியாதை செலுத்தத்தான் வேண்டும்.

அந்த மரியாதை அவர்களுக்கு முழுதாகக் கிடைக்கவில்லை. 1825இல் சென்னையில் ‘கால சங்கலித’ என்ற பெரிய நூலை வெளியிட்டார் ஜான் வாரன். பிரெஞ்சு வழிவந்தவர், நுங்கம்பாக்கத்தில் இருந்த மதராஸ் வானாய்வகத்தைச் சில ஆண்டுகள் பொறுப்பேற்று நடத்தியவர். புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக்காரர் தரையில் சோழிகளை அடுக்கியே ஒரு சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டியதை அவர் பதிவு செய்திருக்கிறார். 1825 மே 31க்கும் ஜூன் 1க்கும் இடைப்பட்ட இரவில் நிகழ்ந்த கிரகணம் அது. கணித்தவர் கையில் ஏடு இல்லை, எழுதுகோல் இல்லை. அட்டவணைகள் முழுவதும் சொற்களாக மனத்தில் இருந்தன. இடைக்கணக்குகள் சோழிகளாகத் தரையில் இருந்தன. ஒரு சோழியை எடுத்து வைப்பதும் நீக்குவதும்தான் கூட்டலும் கழித்தலும். கிரகணத்தின் தொடக்கத்தில் 4 நிமிடம், நடுவில் 23 நிமிடம், முடிவில் 52 நிமிடம் என்ற அளவிலேயே பிசகு இருந்தது.

அந்த மனிதருக்கு வானியல் கோட்பாடு ஒன்றுமே தெரியாது, நினைவாற்றல் மட்டும் அபாரம் என்பது வாரனின் மதிப்பீடு. அதில் உண்மை இருக்கலாம். ஆனால் அதைக் குறையாகப் படிப்பது சரியில்லை. அந்தக் குறிமுறையின் சாதனையே அதுதான்: கோட்பாட்டை வகுத்த அறிஞர் மறைந்து பல தலைமுறை கழிந்த பிறகும், அவரை அறியாத ஒருவர் ஒரு பிடிச் சோழியை வைத்துக்கொண்டு நிலவு எப்போது இருளும் என்று சொல்ல முடிந்தது. சிக்கலான அறிவைக் கைப்பழக்கமாக மாற்றி, போரும் பஞ்சமும் ஆட்சி மாற்றமும் கடந்து கொண்டுவந்து சேர்ப்பது சிறிய வேலையா?

வாரனுக்கு முன்பே இன்னொருவர் வியந்திருக்கிறார். வெள்ளி சூரியனைக் கடப்பதைப் பார்க்க பிரான்சிலிருந்து புறப்பட்ட லெ ஜான்டி, 1761இல் புதுச்சேரி ஆங்கிலேயர் கையில் இருந்ததால் கரையிறங்க முடியாமல் நடுக்கடலில் அந்த நாளைக் கழித்தார். எட்டாண்டு காத்திருந்து 1769 ஜூன் 4 அன்று புதுச்சேரியிலேயே கருவிகளோடு தயாராக நின்றார், மேகம் மூடிவிட்டது. அந்தத் துயரக் கதை உலகப் புகழ் பெற்றது. அவர் புதுச்சேரியில் தமிழ்க் கணக்கு முறையைக் கற்றுக்கொண்டது அந்த அளவுக்குப் பேசப்படுவதில்லை. 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் எவ்வளவு நேரம் நீடித்தது என்பதில் தமிழ்க் கணக்கு 41 விநாடி குறைத்துச் சொன்னது. அன்றைய ஐரோப்பாவின் மிகச் சிறந்த அட்டவணையான டோபியாஸ் மையரின் கணக்கோ 68 விநாடி கூட்டிச் சொன்னது.

1952இல் அறிவியல் வரலாற்றாசிரியர் ஆட்டோ நாய்கபவர் வாரனின் பதிவுகளை மறுபடி எடுத்து ‘தமிழ் வானியல்’ என்ற தலைப்பில் ஆராய்ந்தார். 248 நாள் என்ற அதே வட்டம் பாபிலோனியக் களிமண் பலகைகளிலும் கிரேக்கப் பாப்பிரஸ் தாள்களிலும் இருப்பதைச் சுட்டினார். அலெக்சாந்திரியாவிலும் மெசபொத்தேமியாவிலும் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே வழக்கொழிந்த ஒரு முறை, சோழமண்டலக் கடற்கரையில் 19ஆம் நூற்றாண்டு வரை உயிரோடு நடந்துகொண்டிருந்தது. 1962இல் டி. எஸ். குப்பண்ண சாஸ்திரியும் கே. வி. சர்மாவும் ‘வாக்கியகரணம்’ நூலைச் சென்னையில் பதிப்பித்த பிறகு, இந்த முறையின் முழு உள்ளமைப்பும் படிக்கக் கிடைத்தது.

கிரகணத்தில் இத்தனை நெருங்கி வந்த வாக்கியக் கணக்கு, மற்ற நாள்களில் எப்படி? காலண்டர் தாளைப் புரிந்துகொள்ள இந்தக் கேள்வி உதவும். சந்திரனின் ஓட்டத்தில் அருகு-விலகல் வேகமாற்றத்தைத் தவிர, சூரியனின் இழுப்பால் வரும் இன்னொரு பெரிய தடுமாற்றமும் உண்டு. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் தாலமி அதைக் கண்டார். இந்தியாவில் 10ஆம் நூற்றாண்டின் முஞ்சாலர் அதற்குத் திருத்தம் கொடுத்தார். வாக்கியங்களில் அந்தத் திருத்தம் இல்லை. ஆனால் அமாவாசையிலும் பௌர்ணமியிலும் அந்தத் தடுமாற்றம் முதல் வேகமாற்றத்துக்குள் கலந்து கரைந்துவிடுகிறது. கிரகணம் நிகழ்வதும் அந்த இரண்டு நாள்களில் மட்டும்தான். அஷ்டமியை ஒட்டிய நாள்களில் தடுமாற்றம் தனியே தலைகாட்டும்; பிசகு இரண்டரைப் பாகை வரை போகும். சூரியனிலிருந்து சந்திரன் நாளொன்றுக்கு ஏறத்தாழ 12 பாகை விலகுவதால், திதி முடியும் நேரம் மோசமான நாள்களில் ஐந்து மணி நேரம் அளவுக்குக்கூடத் தள்ளிப்போகலாம்.

ஊரே தெருவில் நின்று அண்ணாந்து பார்க்கும் நாளில் கணக்கு சரியாக இருந்தது. யாரும் நிலவைப் பார்த்து நேரத்தை ஒத்துப்பார்க்காத நாளில் கணக்கு தளர்ந்தது. கிரகணம் பொய்த்தால் பஞ்சாங்கக்காரரின் பெயர் கெடும். அஷ்டமி எப்போது முடிந்தது என்பதைக் கண்ணால் சோதிக்கக் கருவியில்லாத பாமரருக்கு வழியில்லை. வானம் கேள்வி கேட்ட இடத்தில்தான் குறி கூர்மையாக இருந்தது.

கேள்வியே எழ வழியில்லாத குறிகளுக்கு இப்போது வரலாம். சூரியனின் உதய அஸ்தமனத்தைத் தவிர, ராகு காலத்துக்கும் வானத்தில் எதன் இருப்பிடத்துக்கும் தொடர்பு கிடையாது. பகலை எட்டாகப் பிரிக்க வேண்டும். திங்களன்று இரண்டாம் பகுதி, சனியன்று மூன்றாம் பகுதி, வெள்ளியன்று நான்காம் பகுதி, புதன் ஐந்து, வியாழன் ஆறு, செவ்வாய் ஏழு, ஞாயிறு எட்டு. அவ்வளவுதான். குளிகையின் சூத்திரம் இன்னும் எளிது. பகலின் முதல் பகுதி அந்தக் கிழமைக்குரிய கோளுக்கு, அடுத்தது அடுத்த கிழமையின் கோளுக்கு என்று வரிசையாகக் கொடுத்துக்கொண்டு போனால், சனியின் முறை வரும் பகுதி குளிகை. வியாழனின் முறை வரும் பகுதி எமகண்டம். அதனால்தான் சனிக்கிழமை குளிகை காலை 6 மணிக்கே தொடங்குகிறது, வெள்ளியன்று 7:30க்கு, வியாழனன்று 9 மணிக்கு. எமகண்டமும் இதே நடையில் வியாழன் காலை 6 மணி, புதன் 7:30, செவ்வாய் 9 என்று நகரும். கிழமைகளின் வரிசையே கூட, ஏழு கோள்களையும் 24 ஓரைகளுக்கு முறைவைத்துப் பங்கிட்ட பழைய கிரேக்க-எகிப்தியச் சோதிடத்திலிருந்து வந்தது. ஏழை எட்டின் மேல் வைத்து ஓட்டிய ஓர் அழகான ஏற்பாடு இது. அழகு உண்டு, சோதனை இல்லை.

இதையும் முறைப்படி செய்தால் உதயத்திலிருந்து அஸ்தமனம் வரையிலான உண்மையான பகலைத்தான் எட்டாகப் பிரிக்க வேண்டும். பஞ்சாங்க நூல்களும் அப்படித்தான் சொல்கின்றன. காலண்டர் தாளோ ஆண்டு முழுவதும் காலை 6 முதல் மாலை 6 வரை என்று வைத்துக்கொள்கிறது. சென்னையின் தென்பகுதியில் ஜனவரி நடுவில் சூரியன் 6:35ஐ ஒட்டி உதிக்கிறது. அன்று திங்கட்கிழமையானால் உண்மையான இரண்டாம் பகுதி சுமார் 8:00 முதல் 9:25 வரை. ஜூன் தொடக்கத்தில் 5:40ஐ ஒட்டி உதயம். அப்போது அதே பகுதி சுமார் 7:20 முதல் 8:55 வரை. தாளில் இரண்டு மாதத்துக்கும் ஒரே அச்சு, 7:30 – 9:00. தை மாதத் திங்களன்று ஒன்பது அடித்ததும் நிம்மதியாகக் கிளம்புகிறவர், அந்த நம்பிக்கையின் சொந்த விதிப்படியே இன்னும் 25 நிமிடம் ராகு காலத்துக்குள் இருக்கிறார். இந்திய நேரம் 82.5 பாகைத் தீர்க்கரேகைக்கு உரியது, சென்னை அதற்கு மேற்கே இருக்கிறது என்பதால் நண்பகலும் இங்கே சராசரியாக 9 நிமிடம் பிந்தித்தான் வருகிறது. 1906இல் இந்திய நேரம் நடைமுறைக்கு வரும் முன் நாட்டின் பல ரயில்கள் மதராஸ் நேரப்படி ஓடிய காலத்தில், இங்கே கடிகாரமாவது உள்ளூர்ச் சூரியனோடு ஒத்துப்போயிற்று.

பஞ்சாங்கத்துக்கும் வானத்துக்கும் இடையிலான பிளவை உள்ளேயிருந்தே உணர்ந்து சரிசெய்ய முயன்றவர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் பிறந்து, மதராஸ் வானாய்வகத்தில் நார்மன் போக்சனின் உதவியாளராக வேலை பார்த்தவர். 1867இல் தெற்கு வானில் ஆர் ரெட்டிகுலி என்ற ஒளிமாறும் விண்மீனைக் கண்டுபிடித்தார். 1872இல் அரச வானியல் கழகத்தின் உறுப்பினரானார். 1874 டிசம்பரில் வெள்ளி சூரியனைக் கடக்கவிருந்தபோது பொதுமக்களுக்குப் புரியும்படி சிறு நூல் எழுதி, அது இந்திய மொழிகளில் வரவும் வழிசெய்தார். இரவில் தொலைநோக்கியில் பார்த்ததும் பகலில் பஞ்சாங்கத்தில் படித்ததும் ஒத்துப்போகாததை அவரால் பொறுக்க முடியவில்லை. கண்ணால் கண்ட வானத்துக்கு ஒத்த ‘திருக்கணித’ப் பஞ்சாங்கத்தைத் தாமே வெளியிட்டு, மற்ற கணிதர்களோடு வாதாடினார். 1880இல் அவர் மறைந்தார். நட்சத்திரத்துக்காகவாவது அறிவியல் வரலாறு அவர் பெயரைச் சொல்கிறது. பஞ்சாங்கத்தைத் திருத்த அவர் பட்ட பாடு, அதைத் தினமும் புரட்டுகிறவர்களிடம் இன்னும் போய்ச் சேரவில்லை.

சுதந்திர இந்தியாவும் முயன்றது. மேகநாத் சாகா தலைமையிலான குழு 1955இல் அறிக்கை தந்தது. 1957 மார்ச் 22 முதல் தேசிய நாள்காட்டி நடைமுறைக்கு வந்தது. அரசிதழில் அந்தத் தேதி அச்சாகிறது. நாவலூரின் மளிகைக் கடைக்கு அது வரவில்லை. தமிழ்நாட்டில் வாக்கியமும் திருக்கணிதமும் இன்றுவரை தனித்தனிப் பாதையில் ஓடுகின்றன.

இரண்டுக்கும் எவ்வளவு தூரம் என்பதை 2023 காட்டியது. திருக்கணிதப்படி சனி கும்ப ராசிக்குள் நுழைந்தது அந்த ஆண்டு ஜனவரி 17 அன்று. வாக்கியத்தைப் பின்பற்றும் திருநள்ளாற்றுக் கோயிலில் சனிப்பெயர்ச்சி விழா டிசம்பர் 20 அன்று நடந்தது. பதினோரு மாத இடைவெளி. அந்த டிசம்பர் இரவில், திருக்கணிதத்தின்படி சனி கும்பத்துக்குள் எட்டு பாகை வரை போய்விட்டிருந்தது. கையை நீட்டி மடக்கிய முஷ்டி வானத்தில் மறைக்கும் அகலம் ஏறத்தாழ பத்து பாகை. எட்டு பாகை என்பது வெறுங்கண்ணுக்கே தெரியும் பிசகு. கோயில் தன் மரபை மாற்ற வேண்டுமா என்பதைக் கோயிலும் பக்தர்களும் தீர்மானிக்கட்டும். ஆனால் தாளில் அச்சாகும் ஒவ்வொரு நேரத்துக்கும் அருகில் அது எந்தக் கணக்கு, எந்த ஊரின் உதயம் என்று ஒரு வரி இருக்க வேண்டும். கிரகண நேரமும் ராகு கால நேரமும் ஒரே கூண்டுக்குள் அச்சாவது, சோழியை வைத்து வானத்தோடு மல்லுக்கட்டிய கணிதர்களுக்கு நியாயம் செய்வதாகாது. படிப்பவருக்கும் நியாயமில்லை.

சோதித்துப் பார்க்க நல்ல வாய்ப்பு ஒன்று வருகிறது. 2028 டிசம்பர் 31 இரவு முழுச் சந்திர கிரகணம். சென்னையில் நிலவு உயரே இருக்கும். உச்சம் இந்திய நேரப்படி இரவு 10:20ஐ ஒட்டி. புத்தாண்டுக்காக விழித்திருக்கும் தாம்பரம், நாவலூர், கேளம்பாக்கம் மாணவர்கள் மொட்டை மாடிக்கு ஒரு வாக்கியப் பஞ்சாங்கத்தையும் ஒரு திருக்கணிதப் பஞ்சாங்கத்தையும் எடுத்துப்போகலாம். நிழல் நிலவின் விளிம்பைத் தொடும் நிமிடம், முழுதாக மூடும் நிமிடம், விலகத் தொடங்கும் நிமிடம் என்று மூன்றையும் கைபேசிக் கடிகாரத்தில் குறித்துக்கொண்டு, இரண்டு நூல்களிலும் அச்சான நேரத்தோடு ஒத்துப்பார்க்கலாம். வாரன் 1825இல் புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரரின் கணக்கை மதிப்பிட்டதும் இப்படி நிமிடக் கணக்கில்தான்.